இடி சொன்ன பெட்டி

இளம்பிள்ளையில், கஞ்சமலையைப் பார்த்தபடி இருந்த எங்கள் தறிக்கூடத்தில் ஒரு வால்வு ரேடியோ இருந்தது. சித்திரை மாத மாலைகளில், திருச்சி நிலையத்தின் நாதஸ்வரத்துக்கு நடுவே திடீரென்று பொரி பொரிவதுபோல் ஒரு படபடப்புக் கேட்கும். தாத்தா தறிக்குழியிலிருந்து எழுந்து சேர்வராயன் மலைப்பக்கம் பார்ப்பார். "பெட்டி சொல்லிடுச்சு, பாவைச் சுருட்டுங்கடா" என்பார். அரைமணியில் மழை இறங்கும்.

வானொலியின் வரலாற்றில் இந்தப் படபடப்பே மூத்தது. 1895இல் ருஷ்யாவின் போப்போவ் செய்துகாட்டிய கருவி, தொலைவில் வெட்டும் மின்னலை உணர்வதற்கானது. பேச்சும் பாட்டும் பின்னால் வந்தன. அவை வந்தபின் மின்னல் விரோதியாகிவிட்டது.

வெப்ப நாடுகளில் அந்த விரோதிக்கு வலிமை அதிகம். அலையின் அதிர்வெண் குறையக் குறைய இடியின் இரைச்சல் கூடும். இதனால் மத்திய அலையில் தொலைதூர ஒலிபரப்பு இங்கே கடினமாயிற்று. 1936இல் பொறுப்பேற்ற தலைமைப் பொறியாளர் கோய்டர் சிற்றலையின் பக்கம் சாய்ந்ததற்கு, பரந்த தேசத்தைச் சிக்கனமாக எட்டவேண்டும் என்பதோடு இதுவும் ஒரு காரணம். 1938 ஜூன் 16 அன்று சென்னை நிலையம் திறந்தபோது அதற்கு இரண்டு அலைகளும் இருந்தன. மறு ஆண்டு மே மாதம் வந்த திருச்சிக்கு மத்திய அலை மட்டுமே. சேலத்துக்காரர்கள் கேட்டது அதைத்தான், இடியோடு சேர்த்து.

அதற்குள் மனிதன் செய்த இடியும் வந்துவிட்டது. மேட்டூர் நீர்மின்சாரம் 1937இல் தொடங்கியது. சுவிட்சு, விசைத்தறிப் பட்டை, மோட்டார்சைக்கிள் பிளக் என எங்கு பொறி பறந்தாலும் அருகிலிருக்கும் ரேடியோ கரகரக்கும்.

இங்கே ஒரு வேடிக்கை உண்டு. பொறி எழுப்பும் துடிப்பு மிகமிகக் குறுகியது. நிலையங்களைப் பிரித்தெடுக்கும் குறுகிய வடிகட்டி, தட்டிய மணியைப்போல் அதை இழுத்து நீட்டிவிடுகிறது. நாம் கேட்கும் கரகரப்பில் பாதி ரேடியோ தானே செய்துகொண்டது! வடிகட்டிக்குப் போகுமுன்பே துடிப்பைப் பிடிக்கவேண்டும் என்று கண்டு, 1936இல் அமெரிக்காவில் ஜேம்ஸ் லாம்ப் ஒரு சுற்றை வெளியிட்டார். துடிப்பு வரும் கணத்தில் அது ரேடியோவின் வாயை மூடிவிடும். அத்தனை சிறிய மௌனத்தைக் காது கவனிப்பதில்லை. மோட்டார் பொறிக்கு இது அற்புதம். நீண்டு சடசடக்கும் மின்னலுக்கு அவ்வளவு உதவாது. சாதாரணப் பெட்டிகளுக்கு, உரத்த முனைகளை மட்டும் நறுக்கும் ஒரு டையோடே வாய்த்தது.

வேரிலிருந்தே தீர்வு தேடியவர் ஆர்ம்ஸ்ட்ராங். அவருடைய பண்பலைக்கான காப்புரிமை 1933ஆம் ஆண்டினது. இடி அலையின் வீச்சைத்தான் பெரிதும் குலைக்கிறது. செய்தியை அதிர்வெண்ணில் ஏற்றிவிட்டால், வீச்சில் ஏறிய குப்பையை நறுக்கி எறியலாம். சென்னைக்கு அது வந்தது 1977 ஜூலை 23இல். இந்தியாவில் அதுவே முதல்.

எங்கள் பெட்டிக்கு டையோடுதான். ரேடியோ ரிப்பேர் செய்பவர் ஒரு மத்தியானம் பற்றவைத்துவிட்டுப் போனார். நாதஸ்வரம் தெளிந்தது, படபடப்பு மெல்லிய முணுமுணுப்பாயிற்று. தாத்தாவுக்கும் மகிழ்ச்சிதான். நான்காம் நாள், பாவடியில் நீட்டிக் கஞ்சியிட்டிருந்த பாவு முழுவதும் மழையில் நனைந்தது.