சொத்துத் தகராறில் நீதிமன்றம் வழங்கும் போலீஸ் பாதுகாப்பு

சொத்து வழக்கில் உத்தரவு பெற்ற ஒருவர், எதிர்த்தரப்பின் மிரட்டலால் அதன் பலனை அடைய முடியாதபோது, அந்த உத்தரவை நிறைவேற்றத் துணை நிற்குமாறு நீதிமன்றம் காவல்துறைக்கு இடும் ஆணை ‘போலீஸ் பாதுகாப்பு’ எனப்படுகிறது. இந்தியச் சட்டத்தில் இது, ஏற்கெனவே நீதிமன்றம் ஏற்ற உரிமையைக் காக்கும் ஏற்பாடு; புதிய உரிமை எதையும் தருவதில்லை.

சட்ட அடிப்படை

நில உரிமையைத் தீர்மானிக்கும் அதிகாரம் உரிமையியல் நீதிமன்றத்துக்கே உண்டு. புகாரோடு வருபவரிடம் காவல் நிலையத்தில் “இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்கள்” என்று சொல்வது இதனால்தான். உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், 1908இன் கட்டளை 39, விதிகள் 1, 2இன்படி தற்காலிக உறுத்துக்கட்டளை (தடையாணை) பெறலாம். அதை மீறுபவரின் சொத்தை ஜப்தி செய்யவும், அவரை 3 மாதம் வரை உரிமையியல் சிறையில் வைக்கவும் விதி 2ஏ வழிசெய்கிறது. ஆனால் தண்டனை பின்னால் வருவது. வேலியைப் பிடுங்க ஆட்கள் வந்து நிற்கும் நேரத்தில் அது கைகொடுக்காது. அந்த இடைவெளியைப் பிரிவு 151 தரும் உள்ளார்ந்த அதிகாரம் நிரப்புகிறது. உறுத்துக்கட்டளையைச் செயல்படுத்தக் காவல்துறைக்கு உத்தரவிடலாம் என்பதை மீரா சௌஹான் எதிர் ஹர்ஷ் பிஷ்னோய் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றது.

மனு செய்யும் முறை

அசல் வழக்கு நிலுவையிலுள்ள நீதிமன்றத்திலேயே இடைக்கால மனு தாக்கலாகிறது. உறுத்துக்கட்டளையின் நகல், எதிர்த்தரப்புக்கு அது தெரியும் என்பதற்கான ஆதாரம், இடையூறு நடந்த நாளையும் விதத்தையும் கூறும் பிரமாணப் பத்திரம், புகைப்படங்கள், காவல் நிலையத்தில் கொடுத்த புகாரின் சி.எஸ்.ஆர். ரசீது ஆகியவை மனுவுக்கு வலுவூட்டும்.

சொத்து விவரம் துல்லியமாக இருப்பது இங்கே மிக முக்கியம். சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, நான்கெல்லை ஆகியவற்றில் குழப்பம் இருந்தால், பாதுகாப்புக்கு வரும் உதவி ஆய்வாளர் எந்தக் கல்லுக்கு இந்தப்பக்கம் நிற்பது என்று தெரியாமல் திகைப்பார். எல்லையே பிரச்சினையானால், கட்டளை 26, விதி 9இன் கீழ் வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கக் கோரி, சர்வேயர் துணையுடன் அளந்து, வரைபடத்துடன் அறிக்கை பெறுவது நல்லது.

வரம்புகள்

பட்டாவும் கிரயப் பத்திரமும் கையில் இருப்பதாலேயே போலீஸ் பாதுகாப்பு கிடைத்துவிடாது. உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் உறுப்பின்படி நீதிப்பேராணை கோருவோருக்கும் இது பொருந்தும். பி. ஆர். முரளிதரன் எதிர் சுவாமி தர்மானந்த தீர்த்த பாதர் (2006) வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த நிவாரணத்தின் எல்லையைக் குறுக்கியது: உரிமை இறுதியாகவோ, இடைக்கால நிலையிலாவது ஐயத்துக்கு இடமின்றியோ உரிமையியல் நீதிமன்றத்தில் தீர்மானமாகியிருக்க வேண்டும்.

இந்தக் கண்டிப்பு நியாயமானது. அது இல்லாவிட்டால், ஒருதரப்பு ஆவணத்தை மட்டும் காட்டி, நிலத்தில் இருப்பவரைப் போலீஸ் துணையோடு வெளியேற்றிவிட முடியும். நிலைபெற்ற சுவாதீனத்தில் இருப்பவரை, உண்மையான உரிமையாளர்கூடச் சட்டவழியன்றி அப்புறப்படுத்தக் கூடாது என்று ராமே கவுடா எதிர் வரதப்ப நாயுடு (2004) தீர்ப்பு கூறுகிறது.

தொடர்புடைய வழிகள்

சட்டவழியன்றி நிலத்திலிருந்து வெளியேற்றப்பட்டவர், குறித்தவகைத் தீர்வழிச் சட்டம், 1963இன் 6ஆம் பிரிவின்படி 6 மாதத்துக்குள் வழக்கிட்டுச் சுவாதீனத்தை மீட்கலாம். இதில் உரிமைமூலத்தை நிரூபிக்க வேண்டியதில்லை. அரசுக்கு எதிராக இந்த வழி கிடையாது. தகராறால் பொது அமைதி குலையும் நிலை வந்தால், நிர்வாகத்துறை நடுவர் விசாரித்து, யார் சுவாதீனத்தில் இருக்கிறார் என்பதை மட்டும் முடிவுசெய்வார். இதற்கான பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164ஆம் பிரிவாக உள்ளது.

வழக்கு முடிந்த பிறகு

தீர்ப்பாணையின்படி நீதிமன்ற ஊழியரான அமீனா சுவாதீனம் ஒப்படைக்கச் செல்லும்போது எதிர்ப்பு எழுந்தால், நிறைவேற்று நீதிமன்றத்தில் கட்டளை 21, விதி 97இன் கீழ் மனு செய்யலாம். அமீனாவுக்குத் துணையாகப் போலீஸ் பாதுகாப்பும் கோரலாம். கட்டப் பஞ்சாயத்தையும் அடியாட்களையும் நாடாமல் நீதிமன்றத்தை நம்பி ஆண்டுக்கணக்கில் காத்திருந்தவருக்குத் தீர்ப்பின் பலன் கைக்கு வரவேண்டும். அதை உறுதிசெய்வதே இந்த ஏற்பாட்டின் பயன்.