இருட்டறையில் எண்ணியவர்கள்

கறுப்புத் தாளில் சுற்றிவைத்த போட்டோ தகட்டை யுரேனியம் உப்பிலிருந்து வந்த கதிர் கறுக்க வைத்ததை 1896-இல் பெக்கரல் கண்டறிந்த கதையைச் சென்ற வாரம் பார்த்தோம். அந்தக் கதிரைக் கண்ணால் காண முடியுமா என்ற கேள்விக்கு, ஏழே ஆண்டுகளில் ஒரு விபத்து பதில் சொன்னது.

1903, லண்டன். துத்தநாக சல்பைடு பூசிய திரைமேல் வில்லியம் குரூக்ஸ் துளி ரேடியம் உப்பைச் சிந்திவிட்டார். தங்கத்தைவிடப் பல மடங்கு விலையுள்ள பொருள் அது. உருப்பெருக்கிக் கண்ணாடியை எடுத்துத் தேடினார். திரை சீராக ஒளிரவில்லை. எண்ணற்ற புள்ளிகள் மினுக் மினுக்கென்று தோன்றித் தோன்றி மறைந்தன. ஒவ்வொரு மினுக்கும் ரேடியம் உமிழ்ந்த கதிர்த் துகள் ஒன்று, அதாவது ஓர் ஆல்ஃபா துகள், வந்து மோதியதன் அடையாளம். இதையே ஒரு சிறு குழாயில் அடக்கி 'ஸ்பின்தாரிஸ்கோப்' என்று பெயர் வைத்தார். வசதி படைத்தவர்கள் வாங்கி வேடிக்கை பார்த்தார்கள்.

அந்த வேடிக்கையைக் கடும் உழைப்பாக்கியவர்கள் மான்செஸ்டரில் இருந்தார்கள். ரூதர்ஃபோர்டின் ஆய்வகத்தில் ஹான்ஸ் கைகரும், இருபது வயது மாணவர் எர்னஸ்ட் மார்ஸ்டனும் 1909-இல் செய்த வேலை, எண்ணுவது. அறையை இருட்டாக்கி, கண் பழகும்வரை சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். பிறகு நுண்ணோக்கியில் கண்ணைப் பதித்து மினுக்குகளை எண்ண வேண்டும். கொஞ்ச நேரத்தில் கண் சோர்ந்துவிடும். இருக்கும் மினுக்கு தவறும், இல்லாதது தெரியும். ரூதர்ஃபோர்டுக்கே அந்தப் பொறுமை இல்லை.

ஆல்ஃபா துகள்களை உலோகத்தின்மேல் பாய்ச்சி, தெறித்துத் திரைக்கு வருபவற்றைத்தான் இப்படி எண்ணினார்கள். பிளாட்டினத்தில் மோதிய துகள்களில் ஏறத்தாழ 8,000-க்கு ஒன்று பின்னோக்கித் தெறித்தது. அந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் 1911-இல் ரூதர்ஃபோர்டு அணுக்கருவை அடைந்தார். நம் பாடப்புத்தகங்கள் முடிவை மட்டும் சொல்லி, இருட்டில் நோகக் கிடந்த கண்களை விட்டுவிடுவது எனக்குப் பெரிய குறையாகவே படுகிறது.

ஆனாலும் அவர்கள் கண்டது கதிரை அல்ல, திரையில் அது எழுப்பிய ஒளியை. திரையே இல்லாவிட்டால்? 1969-இல் அப்போலோ 11-இல் நிலவுக்குப் போன ஆல்ட்ரின், இருட்டில் ஒளிப்பொறிகளைக் கண்டதாகச் சொன்னார். பின்னால் போனவர்களும், கண்ணை மூடிய பிறகும் தெரிகிறது என்றார்கள். விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்த் துகள்கள் கண்ணுக்குள் ஊடுருவியதன் விளைவு அது. அங்கே விழித்திரையே திரையாகிவிட்டது.

துகள் போன தடத்தையே வெண்கோடாகக் காட்டிய வில்சனின் மேக அறை அடுத்த வாரம்.