கோடைக்கால லீக்கும் குளிர்காலச் சம்பளமும்: பெக்கி ஹாமன் என்ற கார்டின் தொழில்வாழ்க்கை, 1999–2025

அமெரிக்கப் பெண்கள் கூடைப்பந்தில் பெக்கி ஹாமனைப் பற்றி எழுதுபவர்கள் பெரும்பாலும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். சிறிய ஊர், உயரம் போதாத உடம்பு, எந்த அணியும் சீந்தவில்லை, விடாமல் உழைத்தார், ஜெயித்தார். இதில் பொய் எதுவும் இல்லை. ஆனாலும் அவருடைய ஆட்ட வாழ்க்கையை ஆண்டுவாரியாக அடுக்கிப் பார்த்தால், பெரிய திருப்பங்கள் எல்லாவற்றுக்கும் பின்னால் நிர்வாக ஏற்பாடு ஏதாவது ஒன்று நிற்பது தெரியும். ஒரு லீக் திவாலானது, போட்டிகள் கோடையில் நடந்தன, சம்பளத்துக்கு உச்சவரம்பு இருந்தது, கடவுச்சீட்டு பற்றிய விதி ஒன்று குறுக்கே வந்தது, இரண்டு அணிகளுக்கு ஒரே முதலாளி வாய்த்தார். உழைப்பு இந்த ஏற்பாடுகளுக்குள்தான் பலித்தது, அல்லது பலிக்காமல் போனது. இக்கட்டுரை அந்தக் கோணத்திலிருந்து அவர் வாழ்க்கையைப் பின்தொடர்கிறது.

முன்கதை கொஞ்சம் தேவைப்படுகிறது. அமெரிக்காவில் பெண்களுக்கான முதல் தொழில்முறைக் கூடைப்பந்து லீக் 1978-இல் தொடங்கி 1981-இல் மூடப்பட்டது. அதன்பின் பதினைந்து ஆண்டுகள் நிலைத்து நின்ற லீக் எதுவும் இல்லை. கல்லூரி முடித்த பெண்ணுக்கு ஆட்டத்தைத் தொழிலாகக் கொள்ள வேண்டுமென்றால் இத்தாலி, ஸ்பெயின், ஜப்பான் என்று கப்பலேறுவதுதான் வழி. சிந்தியா கூப்பர் 1986 முதல் ஏறத்தாழ பதினொரு ஆண்டுகள் ஸ்பெயினிலும் இத்தாலியிலும் ஆடிவிட்டு, 34 வயதில்தான் சொந்த நாட்டு லீக்கில் கால்வைத்தார். வந்த முதல் வருஷமே லீக்கின் மிகச் சிறந்த வீராங்கனை விருதை வாங்கினார். அவருடைய நல்ல வருஷங்களை அமெரிக்க ரசிகர்கள் பார்க்கவே இல்லை என்பதுதான் அந்த விருதில் உறுத்தும் செய்தி.

1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் அமெரிக்கப் பெண்கள் தங்கம் வென்ற சூட்டோடு இரண்டு லீக்குகள் பிறந்தன. ஏபிஎல் அதே ஆண்டு அக்டோபரில் தொடங்கியது. குளிர்காலத்தில் ஆடியது, நல்ல சம்பளம் கொடுத்தது. ஆண்களின் என்பிஏ தொடங்கிய டபிள்யூஎன்பிஏ 1997 ஜூனில் வந்தது. என்பிஏ அரங்குகள் கோடையில் காலியாகக் கிடந்தன. தொலைக்காட்சியிலும் அப்போது இடம் இருந்தது. அதனால் பெண்களின் லீக் கோடைக்காலத்துக்குப் போயிற்று. காலி அரங்கை நிரப்ப எடுத்த இந்த முடிவு அடுத்த இருபத்தைந்து ஆண்டுகளுக்கு வீராங்கனைகளின் வருமானத்தையும் உடம்பையும் எப்படி ஆட்டிவைக்கும் என்று அன்று யாரும் யோசித்ததாகத் தெரியவில்லை.

1999: பெயர் வாசிக்கப்படாத டிராஃப்ட்

ஹாமன் 1977-இல் தெற்கு டக்கோட்டாவின் ராப்பிட் சிட்டியில் பிறந்தவர். உயரம் ஐந்தடி ஆறு அங்குலம். பெரிய கல்லூரிகள் கண்டுகொள்ளாததால் கொலராடோ ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அங்கே நான்கு ஆண்டுகளில் 2,740 புள்ளிகள். அந்தக் கல்லூரி சார்ந்த கல்லூரிகள் குழுமத்தில் அதுவரை மொத்தப் புள்ளிச் சாதனை ஆண் வீரரான கீத் வான் ஹார்னிடம் இருந்தது, அதைத் தாண்டினார். கடைசி ஆண்டில் அவருடைய அணி 33 ஆட்டங்களில் வென்று மூன்றில் மட்டுமே தோற்றது. இத்தனைக்கும் பிறகு, அணிகள் முறைவைத்துப் புது வீராங்கனைகளைத் தேர்ந்தெடுக்கும் 1999 மே மாத டிராஃப்டில் 50 பெயர்கள் வாசிக்கப்பட்டன. அவர் பெயர் அதில் இல்லை.

உயரத்தைக் காரணம் காட்டுவது வழக்கம். அது பாதி உண்மை. மீதிப் பாதி 1998 டிசம்பரில் இருக்கிறது. பருவத்தின் நடுவிலேயே ஏபிஎல் பணமின்றித் திவாலானது. அதில் ஆடிக்கொண்டிருந்த பெண்கள் அத்தனை பேரும் ஒரே இரவில் வேலையிழந்து டபிள்யூஎன்பிஏ வாசலில் வந்து நின்றார்கள். முதலிடத்தில் டென்னசி பல்கலைக்கழகத்தின் சமீக் ஹோல்ட்ஸ்க்ளா எடுக்கப்பட்டார். அவரை அடுத்து வந்த யோலண்டா கிரிஃபித், நடாலி வில்லியம்ஸ், டிலிஷா மில்டன், ஜெனிஃபர் அஸி, கிரிஸ்டல் ராபின்சன் எல்லாருமே ஏபிஎல்லில் ஆடித் தேறியவர்கள். இந்த வெள்ளத்துக்குப் பயந்துதான் வீராங்கனைகளின் சங்கம், ஓர் அணி இத்தனை ஏபிஎல்காரர்களைத்தான் எடுக்கலாம் என்று முதல் கூட்டு ஒப்பந்தத்தை ஒட்டி ஒரு வரம்பையே கேட்டு வாங்கியது. அப்படியிருந்தும் கல்லூரியிலிருந்து வந்தவர்களுக்கு மிஞ்சிய இடம் சொற்பம். ஓராண்டு முன்போ பின்போ பட்டம் வாங்கியிருந்தால் ஹாமனின் பெயர் வாசிக்கப்பட்டிருக்கும் என்பது என் கணிப்பு.

டிராஃப்ட் முடிந்த சில நாள்களில் லீக்குடன் ஒப்பந்தமாகி, நியூயார்க் லிபர்ட்டி அணிக்கு அனுப்பப்பட்டார். அங்கே, பந்தைக் கொண்டுவந்து ஆட்டத்தை நடத்தும் பாயின்ட் கார்டு இடத்தில் தெரசா வெதர்ஸ்பூன் அசையாமல் உட்கார்ந்திருந்தார். அந்த ஆண்டு இறுதிப் போட்டியில் மைதானத்தின் பாதியிலிருந்து பந்தை எறிந்து ஹூஸ்டனைத் திகைக்க வைத்தவர் அவர்தான். ஹாமனுக்கு பெஞ்சுதான், முதல் பருவத்தில் ஆட்டத்துக்குச் சராசரி மூன்று புள்ளியைக்கூடத் தொடவில்லை. 2003-இல் நன்றாக ஆடத் தொடங்கிய நேரத்தில் முழங்கால் தசைநார் கிழிந்தது. 2004-இல் வெதர்ஸ்பூன் லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போன பிறகுதான் அணியின் கடிவாளம் இவர் கைக்கு வந்தது.

அவர் ஆடிய விதத்தை இங்கே ஒரு நிமிஷம் பார்த்துவிடலாம். பந்தைத் தட்டிக்கொண்டு சக வீராங்கனை போடும் தடுப்பை உரசியபடி உள்ளே நுழைவார். ஒரு கணம் வேகத்தை இறக்குவார். எதிரணியின் உயரமான சென்டர், பந்து யாருக்காவது கைமாறப் போகிறது என்று நினைத்துக் குதிகாலில் சாய்வார். அந்தச் சாய்வு போதும். காலை மாற்றி வைத்து, வழக்கத்துக்கு ஓரடி முன்னாலேயே, நீட்டிய கைகளுக்கு மேலே பந்தைச் செங்குத்தாக வீசிப் பலகையில் படவைப்பார். உயரம் இல்லாதவர் உயரமானவர்களின் நேரக்கணக்கைக் குலைத்து வாழ்ந்த ஆட்டம் இது. எதிராளி அடுத்த அரை நொடியில் என்ன செய்வார் என்பதைப் படிக்காமல் இதை ஒருமுறைகூடச் செய்ய முடியாது.

2007 ஏப்ரலில் நியூயார்க் அவரை சான் அன்டோனியோவுக்குக் கைமாற்றியது. பதிலுக்கு ஜெசிக்கா டேவன்போர்ட் என்ற இளம் சென்டரும் அடுத்த ஆண்டின் முதல் சுற்றுத் தேர்வுரிமையும் கிடைத்தன. நியூயார்க்குக்கு அது லாபமான வியாபாரமாக அமையவில்லை. அந்த ஆண்டே ஹாமன் ஆட்டத்துக்கு 18.8 புள்ளிகள் எடுத்து, 5 அசிஸ்ட் சராசரியுடன் லீக்கில் முதலிடம் பிடித்தார். மறு ஆண்டு சான் அன்டோனியோ முதன்முறையாக இறுதிப் போட்டிக்குப் போய், பில் லாம்பியர் பயிற்றுவித்த டெட்ராய்ட்டிடம் மூன்று ஆட்டங்களிலும் தோற்றது. லாம்பியரின் பெயர் இந்தக் கட்டுரையில் இன்னொரு முறை வரும்.

மாஸ்கோவின் சம்பளம்

கோடைக்கால லீக் நான்கைந்து மாதத்தில் முடிந்துவிடும். அந்தக் காலத்தில் ஒரு வீராங்கனைக்கு லீக் அனுமதித்த அதிகபட்சச் சம்பளம் ஆண்டுக்கு ஒரு லட்சம் டாலருக்குள். குளிர்காலம் முழுக்கக் காலி. ஐரோப்பிய லீக்குகள் நடப்பதோ குளிர்காலத்தில். ஆக, இரண்டு இடத்திலும் ஆடுவது வழக்கமாயிற்று; ஆண்டு முழுக்க ஓய்வில்லாத உழைப்பும் கூடவே வந்தது. எண்ணெய்ப் பணம் புரண்ட 2000-களின் ரஷ்யா இதில் தனி உலகம். மாஸ்கோவுக்கு வெளியே ஸ்பார்ட்டாக் அணியை நடத்திய ஷப்தாய் கல்மனோவிச், ஒருகாலத்தில் இஸ்ரேலில் சோவியத் உளவாளியாகச் சிறை சென்றவர். சூ பேர்ட், டயானா டோராசி போன்ற கார்டுகளுக்கு வீடு, கார், ஓட்டுநர் என்று வாரிக் கொடுத்தார். அந்த அணி 2007 முதல் 2010 வரை நான்கு முறை ஐரோப்பியக் கோப்பையை வென்றது. 2009 நவம்பரில் மாஸ்கோ நடுத்தெருவில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த அணியின் செலவுக்கணக்கு வரவுக்குக் கட்டுப்படியாகாதது. ஒரு தனிமனிதரின் ஆசையில் நின்ற பொருளாதாரம் அது.

ஹாமன் 2007-இல் சிஎஸ்கேஏ மாஸ்கோவில் சேர்ந்தார். ரஷ்ய லீக்கில் வெளிநாட்டவருக்கு எண்ணிக்கைக் கட்டுப்பாடு உண்டு. ஆகவே ரஷ்யக் கடவுச்சீட்டு வைத்திருக்கும் அமெரிக்கர் ஒரு கிளப்புக்கு இரட்டை லாபம். தேசிய அணிக்கும் லாபம்தான். சர்வதேச விதிப்படி ஓர் அணியில் குடியுரிமை பெற்று வந்த ஒருவருக்கு இடம் உண்டு. 2008-இல் ஹாமன் ரஷ்யக் குடியுரிமை வாங்கினார். அதே சமயம் பெய்ஜிங் ஒலிம்பிக்குக்காக அமெரிக்கா முதலில் அழைத்த வீராங்கனைகள் பட்டியலில், முந்தைய ஆண்டு மிகச் சிறந்த வீராங்கனைக்கான வாக்கெடுப்பில் இரண்டாமிடம் பெற்ற இவருடைய பெயர் இல்லை.

அவர் ரஷ்யச் சீருடை அணிந்ததும் அமெரிக்காவில் எழுந்த கூச்சல் பெரிது. அமெரிக்க அணியின் பயிற்சியாளர் ஆன் டோனவன், தன் பார்வையில் இது தேசப்பற்றுள்ள செயல் அல்ல என்று வெளிப்படையாகவே சொன்னார். இதே சிஎஸ்கேஏயின் ஆண்கள் அணியில் ஆடிய ஜே.ஆர். ஹோல்டன் என்ற அமெரிக்க கார்டு 2003-இலேயே ரஷ்யக் குடியுரிமை வாங்கி, 2007 ஐரோப்பிய நாடுகளின் கோப்பை இறுதியில் ரஷ்யாவுக்கு வெற்றிப் புள்ளிகளையும் எடுத்துக் கொடுத்து, அதே பெய்ஜிங்கிலும் ரஷ்யாவுக்கு ஆடினார். அவர்மீது இந்த அளவு கோபம் பாயவில்லை. பணத்துக்காக ஆடுவது ஆணுக்குத் தொழில், பெண்ணுக்குத் துரோகம் என்ற கணக்கு இதற்குள் ஒளிந்திருப்பதாகவே எனக்குப் படுகிறது. அமெரிக்காவுக்கு எதிரான அரையிறுதியில் ரஷ்யா 67–52 என்று தோற்றது. ஹாமனுக்கு மூன்றே புள்ளிகள். இரண்டு நாள் கழித்து சீனாவை வென்று வெண்கலம் வாங்கிய ஆட்டத்தில் 22.

ஒரே முதலாளி, இரண்டு அணிகள்

2012 லண்டன் ஒலிம்பிக் முடிந்து திரும்பும் விமானத்தில் சான் அன்டோனியோ ஸ்பர்ஸ் ஆண்கள் அணியின் பயிற்சியாளர் கிரெக் பாப்போவிச்சுடன் நீண்ட நேரம் பேசிக்கொண்டு வந்தார் என்பது எல்லா வாழ்க்கைக் குறிப்புகளிலும் வருகிறது. அடுத்த ஆண்டு ஜூலையில் மறுபடி முழங்கால் தசைநார் கிழிந்தது. ஆட முடியாத அந்தப் பருவத்தில் ஸ்பர்ஸின் பயிற்சிக்கும் பயிற்சியாளர் கூட்டங்களுக்கும் போய் உட்கார்ந்தார். இதைத் தற்செயல் என்று எழுதிவிட்டுப் போகலாம். ஆனால் 2002-க்குப் பிறகு பெண்கள் அணிகள் தனித்தனி உரிமையாளர்களிடம் போனபோது, சான் அன்டோனியோவில் ஆண்கள் அணியும் பெண்கள் அணியும் ஒரே நிறுவனத்தின் கீழ் இருந்தன. தன் முதலாளியின் இன்னொரு கூடத்துக்குள் நுழைய ஹாமன் யாரிடமும் கெஞ்ச வேண்டியிருக்கவில்லை. வேறு ஊரில் காயம்பட்டிருந்தால் அந்தக் கதவு திறந்திருக்குமா என்பது சந்தேகமே.

2014 ஆகஸ்ட் 5 அன்று ஸ்பர்ஸ் அவரை உதவிப் பயிற்சியாளராக அறிவித்தது. 2001-இல் லிசா போயர் க்ளீவ்லாந்தில் அப்படி ஒரு பணியைச் செய்திருக்கிறார், சம்பளமில்லாமல். முழுநேரமாக, சம்பளத்தோடு என்பிஏவில் அமர்ந்த முதல் பெண் ஹாமன்தான். அந்தப் பருவத்தோடு ஆட்டத்தை நிறுத்தினார்; லீக்கில் அவர் சேர்த்தது 5,841 புள்ளிகள். 2015-இல் ஸ்பர்ஸின் கோடைக்காலப் பயிற்சி அணியைத் தலைமையேற்று நடத்திக் கோப்பை வாங்கினார். 2020 டிசம்பர் 30 அன்று, லேக்கர்ஸுக்கு எதிரான ஆட்டத்தில் இரண்டாவது கால்பகுதியில் நடுவர் பாப்போவிச்சை வெளியேற்ற, அவர் ஹாமனை நோக்கி விரல் நீட்டிவிட்டுப் போனார். என்பிஏ ஆட்டமொன்றில் ஒரு பெண் தலைமைப் பயிற்சியாளர் பணியைச் செய்தது அதுவே முதல் தடவை. ஸ்பர்ஸ் அன்று தோற்றது. 2021-இல் போர்ட்லாந்து அணியின் தலைமைப் பயிற்சியாளர் வேலைக்குக் கடைசிச் சுற்று வரை போனார். வேலை சான்சி பில்லப்ஸுக்குக் கிடைத்தது.

அந்த ஆண்டு முடிவில் பெண்கள் லீக்கின் லாஸ் வேகாஸ் ஏசஸ் அவரைத் தலைமைப் பயிற்சியாளராக எடுத்தது. ஏசஸ் அவருக்குப் புது வீடு அல்ல: சான் அன்டோனியோவில் அவர் ஆடிய அணிதான் 2018-இல் இடம்பெயர்ந்து லாஸ் வேகாஸ் ஆனது. அவரிடமிருந்து 2008-இல் கோப்பையைத் தட்டிப் பறித்த லாம்பியர்தான் அதுவரை அங்கே பயிற்சியாளர். லாம்பியரின் அணி பந்தைக் கூடைக்கு அருகிலேயே கொண்டுபோய் ஆடும். 2021-இல் லீக்கிலேயே மிகக் குறைவாக மூன்று புள்ளி எறிதல்களை முயன்றது அதுதான். ஹாமன் வந்ததும் அது தலைகீழாயிற்று. உயரமான ஏஜா வில்சனை நடுவில் வைத்துக்கொண்டு, செல்ஸி கிரே, கெல்ஸி பிளம், ஜாக்கி யங் என்ற மூன்று கார்டுகளுக்கும் தளத்தை அகலமாகத் திறந்துவிட்டார். ஐந்தடி ஆறு அங்குலத்தில் ஆடியவருக்கு இடைவெளியின் அருமை தெரியாமல் இருக்குமா? 2022-இல் பட்டம், 2023-இல் மறுபடி பட்டம். 2022 இறுதிப் போட்டியின் சிறந்த வீராங்கனை விருது செல்ஸி கிரே என்ற கார்டுக்கே போயிற்று.

ஏசஸ் ஹாமனுக்குக் கொடுக்க ஒப்புக்கொண்ட சம்பளம் ஆண்டுக்குப் பத்து லட்சம் டாலருக்கு மேல் என்று செய்திகள் வந்தன. அதே 2022-இல் அவருடைய அணியில் ஆடுபவருக்கு லீக் அனுமதித்த உச்சம் 2,28,094 டாலர். பயிற்சியாளருக்கு வரம்பு இல்லை, வீராங்கனைக்கு உண்டு. அந்த இடைவெளிதான் பிரிட்னி கிரைனர் என்ற வீராங்கனையை அந்த ஆண்டு பிப்ரவரியில் ரஷ்யாவுக்குக் கொண்டுபோயிருந்தது. மாஸ்கோ விமான நிலையத்தில் கைதானவர் டிசம்பரில்தான் திரும்பினார். அதன்பின் அமெரிக்க நட்சத்திரங்கள் ரஷ்யாவுக்குப் போவது நின்றது. லீக்கும், வெளிநாட்டில் ஆடுபவர்கள் பருவத் தொடக்கத்துக்குள் திரும்ப வேண்டும் என்று 2020 கூட்டு ஒப்பந்தத்தில் சேர்த்திருந்த விதியை 2023 முதல் அமலாக்கியது. ஹாமன் நடந்த பாதை அவருக்குப் பின்னால் வந்த கார்டுகளுக்கு இவ்வாறு அடைபட்டது.

நிர்வாகத்தின் பக்கம் போனவருக்கு அதன் சிக்கல்களும் வந்து சேர்ந்தன. கர்ப்பமாக இருந்த ஏசஸ் வீராங்கனை டியரிக்கா ஹாம்பியை வேறு அணிக்கு மாற்றிய விவகாரத்தில், அவரிடம் பேசிய பேச்சு பணியிட விதியை மீறியது என்று சொல்லி லீக் 2023 மே மாதம் ஹாமனை இரண்டு ஆட்டங்களுக்குச் சம்பளமின்றி நிறுத்தி வைத்தது. ஹாமன் குற்றச்சாட்டை மறுத்தார். அதே ஆண்டு ஆகஸ்டில் நெய்ஸ்மித் கூடைப்பந்துப் புகழரங்கில் சேர்க்கப்பட்டார். 2025 அக்டோபரில் ஃபீனிக்ஸை நான்கு ஆட்டங்களிலும் வென்று ஏசஸ் மூன்றாவது பட்டம் வாங்கியது.