சரிவுக்கு முன்பும் சம்பளம் இல்லை

உள்ளூர் நாளிதழில் நிருபராகச் சேரலாமா என்று இதழியல் மாணவர்கள் கேட்கும்போது, அச்சு இதழ்கள் சரிந்துவருகின்றன என்பதே பெரும்பாலும் பதிலாகக் கிடைக்கிறது. அது அமெரிக்கச் சிற்றூர் இதழ்களின் வரலாற்றிலிருந்து வந்த பதில். அங்கே வரி விளம்பரங்கள் இணையத்துக்கு நகர்ந்தன. அவற்றை நம்பியிருந்த நிருபர் வேலைகளும் போயின. இந்தி வட்டாரத்தின் கதை வேறு.

நெருக்கடிநிலை முடிந்த 1977க்குப் பின், ஆஃப்செட் அச்சும் பெருகிய எழுத்தறிவும் இந்திய மொழி நாளிதழ்களை மாவட்டந்தோறும் கொண்டுசென்றன. 2000இல் ராபின் ஜெஃப்ரி தம் நூலின் தலைப்பிலேயே இதைப் புரட்சி என்றார். 2007இல் வெளிவந்த செவந்தி நினனின் நூல் அப்புரட்சியின் கூலிக்கணக்கைக் காட்டுகிறது. சிற்றூர்களிலிருந்து செய்தி அனுப்பியவர் பெரும்பாலும் ஊழியர் அல்லர். ஸ்ட்ரிங்கர் எனப்படும் பகுதிநேர நிருபர். கடை வைத்திருப்பார், அல்லது பள்ளியில் கற்பிப்பார். இதழின் முகவரும் அவரே, விளம்பரம் பிடிப்பவரும் அவரே. கையில் நின்றது விளம்பரக் கமிஷன். யாரைப் பற்றி எழுத வேண்டுமோ அவரிடமே விளம்பரமும் கேட்க வேண்டும். 1955ஆம் ஆண்டின் உழைக்கும் பத்திரிகையாளர் சட்டமோ இதழியலை முதன்மைத் தொழிலாகக் கொண்டவரையே பத்திரிகையாளர் என வரையறுத்தது. கடைக்காரர் அதற்குள் அடங்கமாட்டார். வேலைக்குச் சேர்பவர் விற்பனை எண்ணிக்கையைவிட முதலில் பார்க்க வேண்டியது நியமன ஆணை தரப்படுகிறதா, அதில் விளம்பரப் பொறுப்பும் உண்டா என்பதைத்தான்.

வேறொரு தொடக்கமும் இருந்தது. 2002இல் உத்தரப் பிரதேசத்தின் சித்ரகூடில், தில்லியைச் சேர்ந்த நிரந்தர் அமைப்பின் துணையோடு ‘கபர் லஹரியா’ வெளிவந்தது. எழுதியவர்கள் ஊர்ப்புறப் பெண்கள், அவர்களுள் பலர் தலித்துகள். அண்மையில் எழுதப் படிக்கக் கற்றவர்களும் உண்டு. மொழி, புந்தேலி. மக்கள்தொகைக் கணக்கெடுப்பு புந்தேலியை இந்தியின் கீழ் அடக்கிவிடுகிறது; மொழியியல் படித்த எனக்கு, அதில் ஓர் இதழ் வந்ததே தனிச்செய்தி. செய்தி திரட்டுவது முதல் ஊர் ஊராக இதழ் விற்பது வரை அப்பெண்களே செய்தார்கள்.

பின்னர் அச்சை விட்டுக் காணொளிக்கு மாறினார்கள். ‘ரைட்டிங் வித் ஃபயர்’ என்ற ஆவணப்படம் அந்த மாற்றத்தைப் பதிவுசெய்தது. ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றது. அப்படம் தங்கள் பணியை முழுமையாகக் காட்டவில்லை என்று 2022இல் அவர்களே அறிக்கை விட்டதும் பதிவாக வேண்டும். இவ்விதழ் நன்கொடையைச் சார்ந்தே வளர்ந்தது என்பதையும் மறைப்பதற்கில்லை. ஆயினும் அதன் நிருபர் தம் பிழைப்புக்காக ஊராட்சித் தலைவரிடம் விளம்பரம் கேட்டு நிற்கவில்லை.