உயிர் கொடுப்பவன்: பண்டைய எகிப்தில் கலைஞனின் பெயர் கடந்து வந்த பாதை

முன்னுரை

பண்டைய எகிப்திய மொழியில் சிற்பிக்கு வழங்கிய பெயர்களுள் ஒன்றுக்கு ‘உயிரோடு இருக்கச் செய்பவன்’ என்று பொருள். சிலை வடிப்பதைக் குறிக்கவும் பிள்ளை பெறுவதைக் குறிக்கவும் அம்மொழி ஒரே வினைச்சொல்லைக் கையாண்டது. இத்தனை உயர்ந்த சொல்லால் அழைக்கப்பட்ட சிற்பி, தான் வடித்த சிலையில் தன் பெயரைப் பொறித்ததாக மிக அரிதாகவே சான்று கிடைக்கிறது. கிரேக்கக் குயவரும் கலன் ஓவியரும் தம் வேலைப்பாட்டின் மீதே கையொப்பம் இட்டனர். எகிப்தில் அவ்வழக்கம் வேரூன்றவில்லை.

இதைக் கொண்டு, எகிப்தியக் கலைஞன் தன்னைக் கலைஞனாக உணராத பெயரற்ற கூலியாள் என்றொரு கருத்து நெடுங்காலம் நிலவியது. இக்கட்டுரை அக்கருத்தை மறுக்கிறது. கையொப்பம் இல்லாமைக்குக் கலைஞனின் தாழ்வு காரணமன்று. பெயர் என்பதற்கு எகிப்தியர் அளித்த அளவற்ற ஆற்றலே காரணம். கலைஞர்களின் பெயர்கள் அழிந்துபோகவும் இல்லை. அவற்றைச் சிலையின் அடியில் தேடாமல் வேறு இடங்களில் தேட வேண்டும். பழைய அரசுக் காலத்திலிருந்து புதிய அரசுக் காலம் வரை அந்த இடங்கள் எவ்வாறு மாறின என்பதைக் காண்போம்.

பெயரும் உடலும்

எகிப்தியருக்குச் சிலை ஒருவரின் சாயல் மட்டுமன்று. இறந்தவரின் உயிராற்றல் வந்து தங்கி, படையலை ஏற்கும் உடல். வாய் திறப்புச் சடங்கில் சிற்பியின் வாய்ச்சி போன்ற கருவியால் சிலையின் வாயைத் தொட்ட பிறகே அது உண்ணவும் பேசவும் வல்லதாயிற்று என்று நம்பினர். அந்த உடல் யாருடையது என்பதை முடிவு செய்தது முகச் சாயலைவிடப் பெயரே. பிற்காலத்தில் இரண்டாம் ராம்செஸ், தனக்குப் பல நூற்றாண்டுகள் முற்பட்ட அரசர்களின் சிலைகளில் தன் பெயரைப் பொறித்துத் தனதாக்கிக்கொண்டது இந்த நம்பிக்கையின்படிதான். பெயர் மாறினால் சிலையின் ஆளும் மாறிவிடுவார்.

இந்நிலையில் சிற்பி தன் பெயரையும் அதே கல்லில் வெட்டினால் நேர்வது என்ன? அது கையொப்பமாக நிற்காது, உடைமைக்கான உரிமையாகிவிடும். ஜோசர் மன்னனின் சிலைப் பீடத்தில், சக்காராவின் படிப்பிரமிடோடு தொடர்புடைய இம்ஹோடெப்பின் பெயர் அரசன் பெயரோடு சேர்ந்து இடம்பெற்றது பெரும் விதிவிலக்கு. அது பட்டறையில் ஒரு சிற்பி தானாக எடுத்துக்கொண்ட உரிமையன்று. அரசவையின் உச்சத்தில் இருந்த ஒருவருக்குக் கிடைத்த பேறு.

கட்டங்களின் ஒழுங்கு

பெயரின்மைக்குத் துணைநின்ற மற்றொரு காரணம் வேலை நடந்த முறை. கி.மு. 3100-ஐ ஒட்டிய நார்மெர் பலகையிலேயே எகிப்தியக் கலையின் இலக்கணம் உருவாகிவிட்டதைக் காண்கிறோம். தலையும் கால்களும் பக்கவாட்டில், கண்ணும் தோள்களும் நேர்முகமாக, உருவங்கள் நிலக்கோட்டின் மீது வரிசையாக அமைந்தன. பழைய அரசுக் காலத்தில் முழங்கால், முழங்கை, அக்குள், முன்னெற்றி மயிர்க்கோடு ஆகிய இடங்களில் வழிகாட்டிக் கோடுகள் வரைந்தனர். மத்திய அரசுக் காலத்தில் அது முழுக் கட்ட வலையாக வளர்ந்தது. சிவப்புச் சாயத்தில் தோய்த்த நூலைச் சுவரில் இழுத்துப் பிடித்துத் தெறிக்கவிட்டுக் கட்டம் போட்டனர். நிற்கும் மனித உருவம் உள்ளங்காலிலிருந்து மயிர்க்கோடு வரை 18 கட்டங்கள். 18-ஆம் வம்சத்து அகெனாடென் மன்னன் காலத்தில் அது 20 ஆயிற்று. பிற்காலத்தில் மேலிமை வரை 21 கட்டங்கள் கொண்ட புதிய அளவு வந்தது.

ஒரே சுவரில் பல கைகள் வேலை செய்தும் ஒரே கை செய்ததுபோல் தோன்றச் செய்தது இந்தக் கட்ட வலை. அரசர் பள்ளத்தாக்கில் 1908-இல் கண்டுபிடிக்கப்பட்ட ஹோரெம்ஹெப் மன்னனின் கல்லறையில் வேலை பாதியில் நின்றுபோனதால் அந்தப் படிநிலைகள் இன்றும் கண்முன் நிற்கின்றன. முதல் கை சிவப்பு மையால் வரைந்திருக்கிறது. தேர்ந்த கை கறுப்பு மையால் திருத்தியிருக்கிறது. கல்தச்சர் அந்தக் கறுப்புக் கோட்டைப் பின்பற்றி வெட்டத் தொடங்கியிருக்கிறார். அந்தக் கறுப்புத் திருத்தங்களைப் பார்க்கும்போது, கட்டத்தின் ஒழுங்கு தனித்திறனை அழித்துவிடவில்லை என்பது விளங்கும். ஒரு தோளின் வளைவை அரை விரல் அளவு மாற்றி உயிர் கொடுத்தவர் இருந்திருக்கிறார்.

படகில் அமர்ந்த சிற்பி

கலைஞர்கள் பெயரைப் பதித்த முதல் இடம், பிறருடைய கல்லறைக் காட்சியின் ஓரம். ஐந்தாம் வம்சத்தின் இறுதியில் சக்காராவில் எழுந்த உயர் அதிகாரி தாஹோடெப்பின் கல்லறையில் படகோட்டிகள் கழிகளால் மோதி விளையாடும் காட்சி ஒன்று உண்டு. அதன் அருகே ஒரு படகில் ஒருவர் அமர்ந்திருக்கிறார். சிறுவன் ஒருவன் அவருக்குக் குடிக்கக் கொடுக்கிறான். அவர் தலைமைச் சிற்பி நியாங்க்தா என்று மேலுள்ள எழுத்து தெரிவிக்கிறது. அந்தக் கல்லறைச் சிற்பங்களை வடித்தவர் அவரே என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. கல்லறையில் வரைந்த உணவும் பானமும் மறுமையில் மெய்யாகும் என்பது எகிப்தியர் நம்பிக்கை. அவ்வாறாயின், புரவலரின் அழியா விருந்தில் சிற்பி தனக்கும் ஓர் இடம் பெற்றுக்கொண்டார்.

ஆறாம் வம்ச காலத்தில் அக்மிம் அருகே எல்-ஹவாவிஷ் கல்லறைகளில் செனி என்ற ஓவியர் இன்னும் ஓரடி முன்னேறினார். அந்தச் சுவர்களைத் தாம் தனியாகவே தீட்டியதாக எழுதிவைத்தார். ‘தனியாக’ என்ற சொல் கவனத்துக்குரியது. குழு உழைப்பே வழக்கமான மண்ணில் ஒருவர் தன் கையைப் பிரித்துக் காட்டுகிறார். அதே வம்சத்தில், அமைச்சர் மெரெருகா தாமே தூரிகையேந்தி ஆண்டின் மூன்று பருவங்களையும் வரைவதாகத் தம் கல்லறையில் காட்டச் செய்தார். தாழ்வான தொழிலாயின் நாட்டின் முதல் அமைச்சர் அத்தோற்றத்தில் என்றென்றும் நிற்க விரும்பியிருப்பாரா?

இர்திசென்னின் பெருமிதம்

அடுத்த கட்டத்தில் கலைஞன் பிறர் கல்லறையின் ஓரத்தை விட்டுத் தனக்கென ஒரு கல்லை எழுப்பினான். 11-ஆம் வம்சத்து இரண்டாம் மெந்துஹோடெப் மன்னன் காலத்தில் வாழ்ந்த இர்திசென்னின் நினைவுக்கல் இன்று லூவர் அருங்காட்சியகத்தில் உள்ளது. அதில் அவர் தம் தொழிலறிவை வரிசையிட்டுச் சொல்கிறார். எழுத்தின் மறைபொருள் அறிந்தவர். ஆணின் நிலையும் பெண்ணின் நடையும் அறிந்தவர். பிடிபட்டவன் முகத்து அச்சத்தையும், நீர்யானையை வேட்டையாடுபவன் கை ஓங்கும் விதத்தையும், ஓடுபவனின் அசைவையும் காட்ட வல்லவர். தீயும் எரிக்காத, நீரும் கரைக்காத பதிப்புப் பொருள்களைச் செய்யும் நுட்பம் தமக்கும் தம் மூத்த மகனுக்கும் மட்டுமே தெரியும் என்றும் கூறுகிறார்.

கைத்திறனையும் கண்ணறிவையும் வேதியியல் நுட்பத்தையும் ஒருங்கே உரிமை கொண்டாடும் இக்கல், கலைஞனின் தன்னுணர்வுக்கு ஐயமற்ற சான்று. மத்திய அரசுக் காலத்தைச் சேர்ந்த ‘கெத்தியின் அறிவுரை’ என்ற நூல் சிற்பி எவரும் தூதுவராக அனுப்பப்பட்டதைக் கண்டதில்லை என்று இகழ்வது உண்மையே. ஆனால் எழுத்தர் தொழிலுக்கு மாணவரை ஈர்க்க எழுந்த நூல் அது. பிற தொழில்கள் அனைத்தையும் அவ்வாறே குறைத்துப் பேசுகிறது. மேலும் ஓவியரை எகிப்தியர் ‘வடிவங்களின் எழுத்தர்’ என்றே அழைத்தனர். எழுத்தே சித்திரமாக இருந்த மொழியில் இவ்விரு தொழில்களுக்கும் இடையே சுவர் எழுப்புவது எளிதன்று.

அரசனின் மாணவன்

18-ஆம் வம்சத்தில் கலைஞனின் பெயர் அரசனின் அருகே சென்றது. அஸ்வான் பாறையொன்றில் தந்தையும் மகனுமாக இரு தலைமைச் சிற்பிகள் காணப்படுகின்றனர். தந்தை மென், மூன்றாம் அமென்ஹோடெப்பின் சிலை முன் நிற்கிறார். மகன் பெக், அகெனாடெனின் சிற்பி. அரசனே தமக்குக் கற்பித்ததாகச் சொல்லிக்கொள்கிறார். உடலின் அளவுகளையே மாற்றியமைத்த அந்தப் புதிய கலைப்பாணி அரசனின் எண்ணத்தில் தோன்றியதாகவே பெக் நமக்குச் சொல்கிறார். அவரும் மனைவி தஹெரெத்தும் நிற்கும் சிறு குவார்ட்சைட் நினைவுக்கல் பெர்லினில் உள்ளது. அதில் புடைத்த வயிறோடு, அந்தப் பாணியிலேயே தம் உடலையும் அமைத்துக்கொண்டிருக்கிறார்.

அகெனாடெனின் தலைநகராக இருந்த அமர்னாவில் 1912 டிசம்பர் 6 அன்று லுட்விக் போர்கார்ட் தலைமையிலான அகழாய்வில் அவனுடைய அரசி நெஃபர்திதியின் மார்பளவுச் சிலை வெளிப்பட்டது. சுண்ணாம்புக்கல்லின் மீது ஜிப்சப் பூச்சிட்டு வண்ணம் தீட்டிய அச்சிலையில் செய்தவர் பெயர் இல்லை. ஆயினும் அது கிடைத்த வளாகத்தில் தந்தத்தாலான குதிரைக் கண்மறைப்பு ஒன்று அகப்பட்டது. அதில் ‘சிற்பி துத்மோஸ்’ என்ற பெயரும் அரசனின் அன்பைப் பெற்றவர் என்ற சிறப்பும் பொறிக்கப்பட்டிருந்தன. உலகமே அறிந்த ஒரு முகத்தைச் செய்த பட்டறை யாருடையது என்பதை ஒரு குதிரைச் சேணத் துண்டு சொல்லிவிட்டது. தேர்க்குதிரை வைத்திருந்த சிற்பியைக் கூலியாள் என்று யார் சொல்ல முடியும்?

கலைஞர்களின் ஊர்

தீப்ஸ் நகருக்கு எதிரே, நைல் ஆற்றின் மேற்குக் கரையில் உள்ள டெய்ர் எல்-மதினா, அரச கல்லறைகளைக் குடைந்து தீட்டியவர்கள் வாழ்ந்த ஊர். பெர்னார் ப்ரூயேர் 1922 முதல் 1951 வரை இங்கு அகழாய்வு நடத்தினார். பெரும் குழியொன்றிலிருந்து மட்டும் ஏறத்தாழ 5000 எழுத்துச் சில்லுகள் கிடைத்தன. பாப்பிரஸ் விலை மிகுந்தது என்பதால் சுண்ணாம்புக்கல் சில்லிலும் பானையோட்டிலும் கணக்கும் கடிதமும் வழக்கும் எழுதினர். பயிற்சிக்காகவும் மகிழ்ச்சிக்காகவும் படமும் வரைந்தனர். எலிக்குப் பூனை பணிவிடை செய்யும் படம் அவற்றுள் ஒன்று. கல்லறைச் சுவரில் கட்டத்துக்குள் நின்ற கை, சில்லில் தன் விருப்பப்படி ஓடியிருக்கிறது.

வேலையாட்கள் வலப்பக்கம், இடப்பக்கம் என இரு அணியாகப் பிரிந்து கல்லறைக்குள் உழைத்தனர். உள்ளே எரிந்த விளக்குத் திரிகள்கூட எண்ணிக் கணக்கு வைக்கப்பட்டன. ஒருவருக்கு மாதந்தோறும் 4 மூட்டை கோதுமையும் ஒன்றரை மூட்டை வாற்கோதுமையும் அரசு படியளந்தது. இரண்டாம் ராம்செஸின் 40-ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த வருகைக் கணக்குச் சில்லு பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் உள்ளது. யார் எந்த நாளில் வரவில்லை, ஏன் வரவில்லை என்று அது பெயர் பெயராகச் சொல்கிறது. ஒருவரைத் தேள் கொட்டியது. ஒருவருக்குக் கண் நோய். ஒருவர் தாயின் உடலுக்குத் துணி சுற்றச் சென்றார்.

மூன்றாம் ராம்செஸின் 29-ஆம் ஆண்டில் படி வராமல் நாட்கள் கடந்தன. பசியாலும் தாகத்தாலும் வந்தோம் என்று சொல்லி, ஊரார் வேலையைப் போட்டுவிட்டுக் கோயில் வளாகத்துக்குப் பின்னால் சென்று அமர்ந்தனர். தூரின் அருங்காட்சியகத்தில் உள்ள பாப்பிரஸ் இதைப் பதிவு செய்திருக்கிறது. இதுவரை அறியப்பட்ட வேலைநிறுத்தப் பதிவுகளுள் மிகப் பழையது அது. தம் உழைப்பு இன்றி அரசனுக்கு மறுமை இல்லை என்பதை அறிந்தவர்களின் துணிவு அது.

அவர்கள் தம் குடும்பத்துக்கும் கல்லறை அமைத்துக்கொண்டனர். 1886-இல் திறக்கப்பட்ட சென்னெஜெமின் கல்லறையில் அவரும் மனைவியும் மறுமையின் வயலில் உழுது அறுவடை செய்கின்றனர். தங்க மஞ்சள் பின்னணியில் அவ்வண்ணங்கள் இன்றும் மங்கவில்லை. ஊராரின் கைகள் தீட்டிய அச்சுவர்களில் உரிமையாளர் பெயராகவே ஒரு கைவினைஞரின் பெயர் நிற்கிறது.

முடிவுரை

சான்றுகளைக் காலவரிசையில் வைத்துப் பார்த்தால் பாதை தெளிவாகிறது. பழைய அரசுக் காலத்தில் கலைஞன் பிறர் கல்லறையின் ஓரத்தில் இடம் பெற்றான். மத்திய அரசுக் காலத்தில் தனக்கெனக் கல் எழுப்பித் தொழிலறிவைச் சொன்னான். அமர்னாக் காலத்தில் அரசனின் மாணவனாகத் தன்னை அறிவித்தான். டெய்ர் எல்-மதினாவில் தன் கல்லறைக்குத் தானே உரிமையாளனானான். இவற்றுள் எந்தக் கட்டத்திலும் புரவலரின் சிலைமீது தன் பெயரை வெட்டுவதை அவன் வழக்கமாக்கிக்கொள்ளவில்லை. அது அவனுக்குத் தெரியாத உரிமையன்று. தன் தொழிலின் அறமாக அவன் காத்த எல்லை.

பெயருக்கு உயிர் உண்டு என்று மெய்யாக நம்பியவன், பிறருக்குக் கொடுத்த உயிரில் தன் பெயரைக் கலக்கவில்லை. தன் உயிருக்கான இடத்தை வேறொரு கல்லில் தேடினான். தாஹோடெப்பின் கல்லறையில் படகில் அமர்ந்திருக்கும் நியாங்க்தாவுக்கு அந்தச் சிறுவன் நீட்டிய கலம் 4300 ஆண்டுகளுக்குப் பின்னும் விலக்கப்படவில்லை.