மூன்று ராணிகள்

ஐந்து திசைகளிலிருந்து இருப்புப் பாதைகள் வந்து கூடும் விழுப்புரம் ஜங்ஷனில் வேடிக்கைக்குப் பஞ்சமில்லை. அன்று நான் திண்டிவனம் போவதற்காகப் பிளாட்பாரத்தில் உட்கார்ந்திருந்தேன். பக்கத்தில் ஒரு மூதாட்டி, விம்மி விம்மி அழும் பேத்தியைத் தேற்றிக்கொண்டிருந்தாள். சிறுமியின் பெயர் ரெஜினா. "உன் பேரு வெள்ளைக்காரி பேரு" என்று பள்ளியில் பிள்ளைகள் கேலி செய்கிறார்களாம். பெயரை மாற்றினாலொழியப் பள்ளிக்கூடம் போகமாட்டாளாம்.

"ஞானஸ்நானத்துல சாமியார் வெச்ச பேருங்க ஐயா. மாத்தலாமா, நீங்களே சொல்லுங்க" என்று என்னிடம் நியாயம் கேட்டாள் மூதாட்டி. முகையூர்ப் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பம். "உங்க பேரு என்னம்மா?" என்றேன். "ராக்கினிங்க." சிறுமியின் தாய் பெயர்? "சகாயராணி."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மூன்று தலைமுறையாக ஒரே பெயரை வைத்துக்கொண்டா இந்த வழக்கு!

ரெஜினா லத்தீன் சொல். ராணி என்பதே அதன் பொருள். அந்த மொழியில் அரசன் ரெக்ஸ். வடமொழியில் அரசன் ராஜன், அரசி ராஜ்ஞீ. இந்த ராஜ்ஞீதான் பிராகிருதத்தில் தேய்ந்து ராணி ஆயிற்று. தமிழ் நாவில் இராக்கினி ஆயிற்று. லத்தீனும் வடமொழியும் ஒரே மூலத்திலிருந்து பிறந்திருக்க வேண்டும் என்று 1786-ல் கல்கத்தாவில் சர் வில்லியம் ஜோன்ஸ் சொன்னார். ஆகவே ரெஜினாவும் ராக்கினியும் உடன்பிறந்தவர்கள். ஒருத்தி ரோமாபுரிக்குப் போனாள். மற்றவள் இந்தியாவுக்கு வந்தாள்.

தமிழ் அந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததல்ல. 1816-ல் சென்னைக் கலெக்டர் எல்லிஸும், 1856-ல் கால்டுவெல்லும் அதை விளக்கினார்கள். அப்படிப் பார்த்தால் ராணியும் நமக்கு விருந்தாளிதான். ராணி தரை வழியே முன்னால் வந்தாள். ரெஜினா கப்பலேறிப் பின்னால் வந்தாள். முந்தி வந்தவளை வீட்டுப் பெண் என்கிறோம், பிந்தி வந்தவளை அந்நியள் என்கிறோம்!

மரியன்னையை விண்ணுலக அரசியாகப் போற்றும் லத்தீன் துதிகளில் இச்சொல் பல நூற்றாண்டுகளாக ஒலித்து வருகிறது. தமிழ் ஜெபத்தில் அதே இடத்தில் நிற்பது இராக்கினி. 1954-ல் பன்னிரண்டாம் பத்திநாதர் அந்த அரசிக்கென்றே ஒரு திருநாளை ஏற்படுத்தினார். இன்று அது ஆகஸ்டு 22-ல் வருகிறது.

ரெஜினாவின் வேருக்கு இன்னொரு பொருளும் உண்டு: நேராக நடத்துவது. கோணாமல் வழிநடத்துபவரே அரசர் என்பது கருத்து. உறவு ஏதும் இல்லாத தமிழும் இதையே அல்லவா எண்ணியது? நல்லாட்சிக்குச் செங்கோல் என்றும், தீய ஆட்சிக்குக் கொடுங்கோல் என்றும் பெயரிட்டது. நேரான கோல், வளைந்த கோல்!

இவ்வளவையும் பத்து வயதுச் சிறுமியிடம் சொல்ல முடியுமா? "செஞ்சிக்கோட்டை பார்த்திருக்கிறாயா?" என்று மட்டும் கேட்டேன். திண்டிவனத்துக்கு மேற்கே இருக்கும் அந்தக் கோட்டைக்குப் பள்ளியிலேயே அழைத்துப் போனார்களாம். "ராஜாக்கோட்டை, ராணிக்கோட்டை, ரெண்டும் பார்த்தேன்" என்றாள்.

1714-ல் போரில் மாண்ட தேசிங்குராஜனின் மனைவி உடன்கட்டை ஏறினாள். அவள் நினைவாக எழுந்ததென்று சொல்லப்படுவது ராணிப்பேட்டை. அந்தப் பெண்ணைப் பெற்றவர்கள் என்ன பெயரிட்டு அழைத்தார்களோ! ஊரின் பெயரில் நிலைத்தது ராணி என்ற பட்டம் மட்டும்தான். பட்டமே பெயராகிவிட்ட விதத்தில் அவளும் ஒரு ரெஜினாதான்.

"ரெஜினான்னா ராணின்னு அர்த்தம். உங்க அம்மா பேரும் அதுதான், உங்க ஆயா பேரும் அதுதான்" என்றேன்.

சிறுமி அழுகையை நிறுத்தினாள். ஆயாவின் சாயம் போன புடவையையும், மடியிலிருந்த மல்லாட்டைப் பொட்டலத்தையும் மேலும் கீழும் பார்த்தாள்.

"நீ கூட ராணியா ஆயா?"

மூதாட்டிக்கு வெட்கம் வந்துவிட்டது. பொக்கை வாயைப் புடவைத் தலைப்பால் மூடிக்கொண்டு சிரித்தாள். வண்டி வந்தது. இரண்டு ராணிகளும் கூட்டத்தில் முண்டியடித்து ஏறினார்கள். நானும் அவர்கள் பின்னாலேயே ஏறினேன்.