கையும் கருவியும்

கண்டிக்கு அணித்தே, மகாவலி கங்கை வளைந்தோடும் பேராதனைப் பூங்காவைக் காணாத நேயர்கள் சிலரே. அங்கு மலர்களைக் கண்டு மகிழ்வோர் பலர், மெல்லிய தாளின் வலிமை பற்றிய பழைய வழக்கொன்றில் அப்பூங்காவுக்குப் பங்குண்டு என்பதை அறியார்.

1876 ஆம் ஆண்டில் பிரேசில் நாட்டு இறப்பர் வித்துக்கள் இலண்டன் கியூ பூங்காவில் முளைத்தன. அக்கன்றுகளில் சுமார் 1,900 இலங்கைக்கு வந்தன. 1898-99 இல் பேராதனையில் பணியாற்றிய ஜோன் பார்க்கின், இறப்பர்ப் பாலை அசற்றிக்கமிலத்தால் உறையச் செய்யும் முறையை ஆராய்ந்து வகுத்தார். தூய, மெல்லிய தகடுகள் கிடைத்தன. ஆயினும், புகையூட்டிய காட்டு இறப்பருக்கு இவை வலிமையில் ஈடாகுமா என்ற ஐயம் சந்தையில் நிலவிற்று. 1906 செப்டெம்பரில் பேராதனையில் நடைபெற்ற இறப்பர்ப் பொருட்காட்சியின் காலத்திலும் அவ்வையம் தீர்ந்தபாடில்லை.

தீர்ப்புக் கூறியது எது? வாங்குவோரின் கை! அவர் தகட்டை இழுத்துப் பார்ப்பார், முகர்ந்து பார்ப்பார், விலை கூறுவார். தோட்டத்தாரின் வாழ்வும், பால் வெட்டிய தொழிலாளரின் கூலியும் அக்கையில் தங்கியிருந்தன. பின்னரே, இறப்பரைக் கந்தகத்துடன் பதப்படுத்தி, ஒரே அளவான துண்டுகளாக வெட்டிக் கருவியில் இழுத்து அறியும் முறை வேரூன்றியது. காலப்போக்கில் உலகின் தோட்ட இறப்பர் விளைச்சல் காட்டு இறப்பரை விஞ்சிற்று.

பொலித்தீன் தாளுக்கும் விதி அதுவே. 15 மில்லிமீற்றர் அகலமான கீற்றின் இருமுனைகளையும் பற்றி, அறும்வரை சீரான வேகத்தில் இழுப்பர். அறுத்த விசையை, அகலமும் தடிப்பும் பெருக்கிய பரப்பால் வகுப்பர். தாள் 20 மைக்ரோன் தடிப்பாயின் அப்பரப்பு 0.3 சதுர மில்லிமீற்றர். சாதாரணப் பொலித்தீன் ஏறத்தாழ அரைக் கிலோகிராம் எடையில் அறும். தடிப்புப் பாதியானால் தாங்கும் எடையும் பாதியாகும். பொருளின் வலிமை எண்ணோ மாறாது. கை இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதும். கருவி பிரித்துக் காட்டும்.

இலங்கையில் 2007 முதல் 20 மைக்ரோனுக்குக் குறைந்த பொலித்தீனும், 2017 செப்டெம்பர் முதல் உணவு பொதியும் பொலித்தீன் தாளும் தடை செய்யப்பட்டன. எளிதிற் கிழிவது எளிதில் மட்குவதன்று. இழுவைக் கருவி முன்னதை அளக்கும், பின்னதை அளக்காது. எதை அளந்தோம், எதை அளக்கவில்லை என்று தெளிந்த பின்னரே தீர்ப்புக் கூறுதல் வேண்டும். பேராதனையின் பழங்கதை நமக்குப் புகட்டும் பாடம் இதுவே.